சைகோன்காரர் கேட்ட தண்ணீர்

ஓய்வு பெற்றவன் என்று சொல்லிக்கொள்ள எனக்கு வயது போதாது. முப்பத்திரண்டுதான் ஆகிறது. ஆனாலும் படப்பிடிப்புகளில் மொழிபெயர்ப்பாளனாக வேலை பார்ப்பதை நிறுத்தி இரண்டு வருடமாகிவிட்டது. இப்போது பள்ளிக்கூடத்தில் பிரெஞ்சு சொல்லிக்கொடுக்கிறேன். அதே வேலைக்குப் போகப்போகிற நீங்கள் மூன்று பேரும் போன ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்து, "அண்ணே, நாங்க எதத் தெரிஞ்சு வச்சுக்கணும்" என்று கேட்டீர்கள். வாயால் சொன்னால் என் தவறுகளை நான் லேசாகத் தாண்டிப் போய்விடுவேன். அதனால் எழுதித் தருகிறேன்.

வேன் எத்தனை மணிக்கு வரும், யாரிடம் கையெழுத்து வாங்க வேண்டும், எந்த இடத்தில் செல்போனை அணைத்து வைக்க வேண்டும் என்பதெல்லாம் இரண்டாம் நாளே பழகிவிடும். அவற்றை விட்டுவிடுகிறேன். நான் சொல்ல வருவது ஒரு நடிகரைப் பற்றி. வியட்நாமிலிருந்து வந்தவர். எழுபத்தொரு வயதில் அவருக்குக் கிடைத்த முதல் கதாநாயக வேடத்தை நான் ஏறக்குறையக் கெடுத்துவிட்டேன்.

பிரெஞ்சுக்காரன் காலத்தில் நம் பக்கத்து ஆட்கள் சைகோனுக்கு வேலைக்குப் போன கதை உங்களுக்குத் தெரியும். காரைக்காலில் தெருவுக்கு ஒரு வீட்டிலாவது அந்தப் பேச்சு அடிபடும். படமும் அதுதான். காரைக்கால் பக்கத்துக் கிராமத்தில் மனைவியையும் பெண் குழந்தையையும் விட்டுவிட்டுச் சைகோனுக்குக் காவல் வேலைக்குப் போனவர், அங்கே இன்னொரு குடும்பம் வைத்துக்கொள்கிறார். பிறகு ஊர் திரும்பி இறந்துபோகிறார். பல காலம் கழித்து, அங்கே பிறந்த மகன் கிழவனாகி, இங்கே இருக்கும் அக்காவைப் பார்க்க வருகிறான். அந்த மகன்தான் நம் நடிகர். இயக்குநர் ஒரு பெண்மணி. வியட்நாமியக் குடும்பம், வளர்ந்தது பாரீஸில். அவருக்குத் தமிழ் ஒரு சொல் தெரியாது. நடிகர் சிறுவயதில் பிரெஞ்சுப் பள்ளியில் படித்தவர். மற்ற ஆட்களில் பாதிப்பேர் சென்னைக்காரர்கள். இவர்கள் எல்லோருக்கும் நடுவில் நான் ஒருவன்.

நான் காரைக்கால் பக்கத்து விழிதியூர்க்காரன். அப்பாவும் அம்மாவும் குத்தகை நிலத்தில் நெல் பயிரிட்டவர்கள். பத்தாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள் எங்கள் குடும்பத்தில் நான்தான். பட்டமேற்படிப்புக்குப் புதுச்சேரி போனபோது, வகுப்பில் என்னை அறிமுகம் செய்துகொள்ள எழுந்து நான்கு வாக்கியம் பேசினேன். பின்வரிசையில் சிரித்தார்கள். நாற்றங்காலிலிருந்து நேராக எழுந்து வந்தவன் என்று ஒருவன் சொன்னது காதில் விழுந்தது. அன்றிலிருந்து வீட்டுப் பேச்சை வீட்டிலேயே கழற்றி வைத்துவிட்டு வெளியே கிளம்பப் பழகினேன். இதை ஏன் சொல்கிறேன் என்பது போகப்போகத் தெரியும்.

முதல் வாரமே ஒரு சின்னப் பாடம் கிடைத்தது. அக்காவின் வீடாக விழிதியூரிலேயே ஒரு பழைய ஓட்டு வீட்டைப் பிடித்திருந்தோம். சுவருக்கு அடித்த நீலத்தைப் பார்த்துவிட்டு இயக்குநர், "அசிங்கமாக இருக்கிறது, முழுவதும் சுரண்டி எடுக்கச் சொல்" என்றார். வெயிலில் நாள் முழுக்க நின்று வேலை பார்த்த பெயிண்டரிடம் இதை எப்படிச் சொல்வது? "மேடம் கொஞ்சம் வேற மாதிரி பாக்கலாமான்னு கேக்குறாங்கண்ணே" என்றேன். அவர், "பாத்துக்கலாம் தம்பி" என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போய்விட்டார். மறுநாள் சுவர் அப்படியே நின்றது. நான்கு மணி நேரம் வீண். மனிதர் மனம் நோகக்கூடாது என்று நான் பூசிய பூச்சுக்காக, அவர் எல்லோர் முன்னாலும் திட்டு வாங்கினார். அப்போதே நான் திருந்தியிருக்க வேண்டும். திருந்தவில்லை.

நடிகரைக் கிராமத்தில் எல்லோரும் சைகோன்காரர் என்றுதான் அழைத்தார்கள். அவரும் முதல் நாளே 'தம்பி' என்ற சொல்லைப் பிடித்துக்கொண்டார். டீ கொடுப்பவர், மின்விளக்கு தூக்குபவர், மேனேஜர், நான், எல்லோரும் அவருக்குத் தம்பி. படப்பிடிப்பில் காத்திருப்பதுதான் பெரிய வேலை. அந்த நேரங்களில் தன் கதையை எனக்குச் சொன்னார்.

மீகாங் ஆற்றுக் கழிமுகத்தில் நெல் ஏற்றும் படகோட்டியின் மகன் அவர். பதினைந்து வயதில், படகிலேயே ஊர் ஊராகப் போகும் பாட்டு நாடகக் குழு ஒன்றில் ஓடிப்போய்ச் சேர்ந்தார். திரைக்குப் பின்னால் நின்று, மேடையில் இருப்பவர்களுக்கு வசனத்தை அடிக்குரலில் எடுத்துக்கொடுப்பதுதான் வேலை. நான்கு வருடம் அப்படி நின்றார். போர் முடிந்த பிறகு சினிமாவில் கிடைத்த முதல் வேடம் பிணம். கால்வாயில் மிதக்க வேண்டும்.

"மூக்கில் தண்ணீர் ஏறியது, தம்பி. ஒரு மீன் வந்து காதைக் கடித்தது. நான் அசையவில்லை. நன்றாகச் செத்தேன் என்று அடுத்த படத்தில் உயிரோடு வேடம் கொடுத்தார்கள்."

அந்த வேடம் பண்ணையாரின் அடியாள். அதற்குப் பிறகு இருபது வருடம் அடியாள், காட்டிக்கொடுப்பவன், குடிகாரச் சித்தப்பா. சந்தையில் மீன்காரிகள் அவருக்கு மீன் தர மாட்டார்கள். போன வாரப் படத்தில் விதவையின் குடிசைக்குத் தீ வைத்தவனுக்கு எதற்கு மீன் என்பார்கள். அவர் மனைவி தனியாகப் போய், வேறு யாருக்கோ வாங்குவதுபோல வாங்கி வருவார். பிறகு படமே இல்லாமல் பல வருடம். ஆற்றில் பயணிப் படகு ஓட்டினார். வயதான பின் ஒரு தொலைக்காட்சித் தொடரில் நல்ல அப்பாவாக வந்தார். அந்த மீன்காரிகளில் ஒருத்தி கூப்பிட்டு, எடைக்கு மேல் ஒரு மீனைப் போட்டாளாம்.

"என் பெயர் முதலில் வரப்போகும் படம் இதுதான். என் மனைவி இருந்திருந்தால் அந்த மீன்காரியை அழைத்துக்கொண்டு போய்க் காட்டியிருப்பாள்" என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார்.

அந்தப் படத்தின் உயிர் ஒரே ஒரு காட்சியில் இருந்தது. தம்பி, அக்காவின் வாசலில் வந்து நிற்கிறான். அவள் உள்ளே வா என்று சொல்லாமல் நிலைப்படியில் நிற்கிறாள். அவன் தமிழில் பேச வேண்டும். தமிழ் அவனுக்கு அப்பாவிடமிருந்து வந்தது. ஒலியை அங்கேயே பதிவு செய்வார்கள். பிறகு வேறு குரல் போடும் வேலை கிடையாது என்று இயக்குநர் உறுதியாக இருந்தார். வசனம் பிரெஞ்சில் இருந்தது. மேனேஜர் என்னிடம் கொடுத்து, "தம்பி, ஒங்க ஊர்ப் பேச்சுல மாத்திப் பெரியவருக்குச் சொல்லிக் குடுத்துருங்க" என்றார்.

நான் மாற்றினேன். நாற்றங்கால் வாசம் அடிக்காத தமிழில் மாற்றினேன். 'அக்கா, நான் தங்களுடைய தம்பி. நம் தந்தை சைகோனில் தங்களைப் பற்றி எப்போதும் பேசிக்கொண்டிருப்பார். நான் எதையும் எதிர்பார்த்து வரவில்லை.' பெருமையாகத்தான் எழுதினேன். உலகம் பார்க்கப்போகும் படத்தில் நம் தமிழ் சுத்தமாக ஒலிக்கட்டும் என்று நினைத்தேன். பத்து நாள், காலையும் மாலையும் அவருக்குச் சொல்லிக்கொடுத்தேன். அவர் ஒவ்வொரு எழுத்தையும் சரியாகப் பிடித்தார். 'ழ' கூட வந்துவிட்டது.

செவ்வாய்க்கிழமை காலை எடுத்தோம். அக்காவாக நடித்தவர் புதுச்சேரி நாடகக்காரர், எழுபதைத் தாண்டிய அம்மா. வேடிக்கை பார்க்கும் தெரு ஜனமாக விழிதியூர்க்காரர்களையே நிறுத்தியிருந்தோம். நடிகர் பெட்டியைக் கீழே வைத்தார். நிமிர்ந்தார். ஒரு பிழை இல்லாமல் பேசினார்.

இரண்டாவது வாக்கியத்திலேயே கூட்டத்தில் யாரோ மூக்கால் சிரித்தார்கள். நடவு வேலைக்குப் போகும் ஓர் அக்கா, சிவப்புச் சேலை, பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னது ஒலிப்பதிவுக் கருவி வரைக்கும் கேட்டது.

"செய்திகள் வாசிப்பது சைகோன்காரருடி."

மொத்தத் தெருவும் சிரித்துவிட்டது. அக்கா வேடம் போட்ட அம்மாவும் முந்தானையால் வாயை மூடிக்கொண்டார். இயக்குநர் காட்சியை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார்.

"ஏன் சிரிக்கிறார்கள்?"

எனக்கு அந்த நொடியே தெரிந்துவிட்டது. புதுச்சேரி வகுப்பில் என்னைப் பார்த்துச் சிரித்த சிரிப்பைத் திருப்பிப் போட்டால் இதுதான். காரைக்கால் கிராமத்து அப்பாவிடம் தமிழ் கற்றவன் இப்படிப் பேச மாட்டான். எந்தத் தம்பியும் எந்த அக்காவிடமும் இப்படிப் பேச மாட்டான். தவறு முழுக்க என்னுடையது. நடிகரும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"உச்சரிப்பு கொஞ்சம் சரியில்லை" என்றேன்.

இரண்டு விநாடி யோசித்துச் சொன்ன பொய் அது. மேனேஜர் உடனே பிடித்துக்கொண்டார். "வயசாச்சுல்ல. நாக்கு பொரளல. நான் அன்னைக்கே சொன்னேன்." காட்சி வியாழக்கிழமைக்குத் தள்ளிப்போனது. அன்றும் சரியாக வராவிட்டால் நடிகர் பேச வேண்டாம், கூட வரும் வழிகாட்டி பாத்திரம் அந்த வசனத்தைப் பேசட்டும், இவர் பக்கத்தில் நிற்கட்டும் என்று முடிவாயிற்று. பக்கத்தில் நிற்பது. வாழ்நாள் முழுக்க அவர் செய்தது அதைத்தான். முடிவை அவருக்கு மொழிபெயர்க்க வேண்டியவனும் நான்தான். அதை மட்டும் பூசாமல் சொன்னேன். அவர் தலையாட்டினார். "என் நாக்கு மோசம் செய்துவிட்டது, தம்பி. உனக்கு வீண் சிரமம்" என்றார்.

சாயங்காலம் அரசலாற்றுப் பக்கம் அவர் தங்கியிருந்த லாட்ஜுக்குப் போனேன். கதவு திறந்தே இருந்தது. சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். பல்லுக்கு நடுவே குறுக்காக ஒரு பென்சில். நாக்குக்குப் பயிற்சி. பென்சிலைக் கடித்துக்கொண்டு, 'தங்களைப் பற்றி, தங்களைப் பற்றி' என்று திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தார். கடைவாயில் எச்சில் வழிந்ததைத் துண்டால் துடைத்துக்கொண்டு மறுபடி தொடங்கினார்.

நின்ற இடத்திலிருந்தே சொல்லிவிட்டேன். உச்சரிப்பில் குறையே இல்லை, வசனம்தான் பொய், அதை எழுதியவன் நான், காலையில் சொன்னதும் பொய் என்று.

பென்சிலை எடுத்துத் துடைத்து மேசைமேல் வைத்தார்.

"எப்போது தெரியும் உனக்கு?"

"அவர்கள் சிரித்தபோதே."

"ஏழு மணி நேரம்" என்றார். "ஏழு மணி நேரமாக நான் இதைக் கடித்துக்கொண்டிருக்கிறேன்."

கோபம் வந்தால் அவருக்குக் குரல் இறங்கும். இருபது வருடம் அடியாளாக நடித்தவரின் முகம் அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. "உன் பள்ளிக்கூடச் சட்டையை எனக்கு மாட்டிவிட்டிருக்கிறாய். அது எனக்கு அளவு இல்லை." துண்டை உதறித் தோளில் போட்டார். "இயக்குநரிடம் யார் சொல்வது? நீயா, நானா?"

"நான்தான்."

"கீழேதான் இருக்கிறாள். போ."

கீழே இயக்குநரும் மேனேஜரும் மறுநாள் வேலையைப் பேசிக்கொண்டிருந்தார்கள். சொன்னேன். பிரெஞ்சில் ஒரு முறை, மேனேஜருக்காகத் தமிழில் ஒரு முறை. மேனேஜர், "இது வெளிய தெரிஞ்சா ஒன்ன ஒருத்தன் கூப்புட மாட்டான், தெரியும்ல" என்றார். தெரியும் என்றேன். இயக்குநர் திட்டவில்லை. ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"இதுவரைக்கும் நீ எனக்குச் சொன்னவற்றில் வேறு எதையெல்லாம் மாற்றினாய்?"

இந்த வேலையில் என்னிடம் கேட்கப்பட்ட மிகக் கடினமான கேள்வி அது. உட்கார்ந்து ஒவ்வொன்றாகச் சொன்னேன். சுவர் நீலம். தச்சர் முடியாது என்று சொன்னதை 'முயற்சி செய்கிறார்' என்று சொன்னது. சாப்பாட்டுக்காரரைப் பற்றி நடிகர் சொன்னதை விழுங்கியது. அரை மணி நேரம் ஆயிற்று. எல்லாம் கேட்டுவிட்டு, "நாளை புதன்கிழமை உன்னுடையது. வியாழக்கிழமை என்னுடையது" என்று எழுந்துபோனார்.

புதன் காலை நடிகரை எங்கள் வீட்டுக்கு அழைத்துப் போனேன். அவர் கேட்டதே அதுதான். உன் அம்மா எப்படிப் பேசுவார், நான் கேட்க வேண்டும் என்றார். சம்பா நடவு நேரம். அம்மா நாற்றங்காலில் நாற்றுப் பறித்துக்கொண்டிருந்தார். விஷயத்தைச் சொன்னேன்.

"நான் என்னத்தடா சொல்லிக் குடுக்குறது. நான் பள்ளிக்கூடத்துக்கா போனேன்? நீதான் போன."

"நான் போனதுதாம்மா வெனையாப் போச்சு."

"போனதுக்கு ஒழுங்காப் படிச்சிருக்கணும்" என்றார் அம்மா.

நடிகர் அதற்குள் கால்சட்டையை மடித்துவிட்டுச் சேற்றில் இறங்கிவிட்டார். பறித்துப் போட்டிருந்த நாற்றை ஒரு கைப்பிடி எடுத்து, வேரைத் தண்ணீரில் அலசி, ஒரு நாற்றாலேயே சுற்றி முறுக்கி முடி போட்டு நீட்டினார். அம்மா வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "முறுக்கு வேற மாதிரி இருக்கு. ஆனா அவுழாது" என்றார். அதற்குப் பிறகு அம்மாவை நிறுத்த முடியவில்லை. மதகில் தண்ணீர் வராதது, நடவுக்கு ஆள் கிடைக்காதது, நான் இன்னும் கல்யாணம் செய்துகொள்ளாதது. நடிகருக்கு ஒரு வார்த்தை புரியாது. ஆனால் அம்மாவின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். எங்கே மூச்சு விடுகிறார், எங்கே இழுக்கிறார், எந்த இடத்தில் குரல் விழுகிறது என்று கவனித்தார். திரைக்குப் பின்னால் நான்கு வருடம் நின்ற காது அது.

வீட்டுக்கு வந்ததும் அம்மா சொம்பில் தண்ணீர் கொடுத்தார். நாங்கள் குடிப்பதைப் பார்த்து நடிகரும் அண்ணாந்து வாயில் ஊற்றினார். பாதி சட்டையில் போயிற்று. அம்மா சிரித்தார். பிறகு நடிகர் என் வழியாக ஒரு கேள்வி கேட்டார். "நீங்கள் பார்த்தே இராத ஒரு தம்பி உங்கள் வாசலில் வந்து நின்றால், முதலில் என்ன சொல்வான்?"

நான் வசனத் தாளை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். அம்மா பாதியிலேயே நிறுத்தினார்.

"எதுக்கு இவ்ளோ பேசுறான்? அவ்ளோ தூரத்துலேந்து வெயில்ல வந்தவன் மொதல்ல தண்ணி கேப்பான். தண்ணி கேட்டாத்தான் வாசல்ல நிக்க ஞாயம் இருக்கு. மத்ததெல்லாம் பொறவுதான்."

அதை அப்படியே பிரெஞ்சில் சொன்னேன்.  நடிகர் வசனத் தாளை வாங்கி நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். அன்று சாயங்காலம் வரைக்கும் அம்மா சொல்ல, அவர் சொல்ல, நான் நடுவில் வெறும் தூணாக உட்கார்ந்திருந்தேன். இயக்குநரிடம் மாற்றத்தைச் சொல்லி ஒப்புதல் வாங்கியது மட்டும்தான் என் வேலை. அவர் ஒரே ஒரு நிபந்தனை வைத்தார். தம்பி என்ன கேட்டாலும் அக்கா அசையக் கூடாது. அவள் மனம் இன்னும் இளகவில்லை.

வியாழக்கிழமை. அதே வாசல், அதே தெரு ஜனம், புரட்டாசி வெயில். மேனேஜர் வழிகாட்டி வேடக்காரருக்குச் சட்டை மாட்டி ஓரமாகத் தயாராக நிறுத்தியிருந்தார். சிவப்புச் சேலை அக்கா முன்வரிசையில் இடுப்பில் கைவைத்து நின்றார். என்னைப் பார்த்ததும், "என்ன தம்பி, இன்னைக்கி வானிலை அறிக்கையா" என்றார். 

நடிகர் தெருமுனையிலிருந்து நடந்து வந்தார். பெட்டியைக் கீழே வைத்தார். இந்த முறை நிமிரவில்லை. நெற்றியைத் துடைத்துக்கொண்டு, அம்மா இழுக்கும் அதே இழுவையில் கேட்டார்.

"அக்கா, கொஞ்சம் தண்ணி குடுங்க."

தெருவில் சத்தம் நின்றது. நாடகக்கார அம்மா சொன்னபடி அசையாமல் நின்றார். நடிகர் காத்திருந்தார். வசனப்படி ஐந்தாறு விநாடி நிற்க வேண்டும், பிறகு அடுத்த வாக்கியம். ஆனால் அவர் மேலே பேசவில்லை. உதட்டை ஒருமுறை நனைத்துக்கொண்டு அவளையே பார்த்தார். பத்து விநாடி போயிற்று. மேனேஜர் என் தோளைக் கிள்ளினார். "மறந்துட்டாரு. எடுத்துக் குடு." நான் வாயைத் திறக்கவில்லை. அவர் மறக்கவில்லை என்று எனக்குத் தெரியும். தண்ணீர் கேட்டவன் தண்ணீருக்காகத்தான் நிற்பான்.

அப்போது கூட்டம் விலகியது. சிவப்புச் சேலை அக்கா எதிர் வீட்டுக்குள் புகுந்து சொம்போடு வெளியே வந்து, கேமராவுக்குக் குறுக்கே நேராக நடந்து போனார். மேனேஜர் பாய்ந்தார். இயக்குநர் கையை நீட்டி அவரைத் தடுத்தார்.

"மொதல்ல இதக் குடிங்க" என்று சொம்பை நீட்டினார் அந்த அக்கா. பிறகு நிலைப்படிப் பக்கம் திரும்பினார். "நீங்க என்னங்கக்கா மரமாட்டம் நிக்கிறீங்க. ஒங்க வாசல்ல வந்துல்ல தண்ணி கேக்குறாரு மனுசன்."

நாடகக்கார அம்மாவின் முகம் மாறியது. அது நடிப்பா, நிஜமா என்று அவரிடமே பின்னால் கேட்டேன், தெரியவில்லை என்றார். இரண்டு படி இறங்கி வந்தார். அந்த அக்கா கையிலிருந்து சொம்பைத் தன் கைக்கு வாங்கினார். வாங்கித் தம்பியிடம் கொடுத்தார். நடிகர் அண்ணாந்து குடித்தார். பாதி மோவாயில் வழிந்தது. சொம்பைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, கழுத்தைத் துடைக்காமலே சொன்னார்.

"சைகோன்லேந்து வர்றேன். ஒங்க அப்பாதான் எனக்கும் அப்பா. எதுவும் கேட்டு வரலக்கா. ஒங்க மொகத்த ஒருதரம் பாத்துட்டுப் போயிரலாம்னுதான் வந்தேன்."

யாரும் சிரிக்கவில்லை. வழிகாட்டி வேடக்காரர் தானாகவே சட்டையைக் கழற்ற ஆரம்பித்தார்.

காட்சியை நிறுத்தச் சொல்லிவிட்டு இயக்குநர் என்னைக் கூப்பிட்டார். "அந்தப் பெண் என் நடிகையிடம் என்ன சொன்னாள்?"

நாடகக்கார அம்மா பக்கத்தில்தான் நின்றார், பெரியவர், மரியாதைக்குரியவர், ஓரளவு பிரெஞ்சும் தெரிந்தவர். பழைய ஆளாகவே இருந்திருந்தால், 'தண்ணீர் கொடுக்கும்படி கேட்டுக்கொண்டாள்' என்று சொல்லியிருப்பேன்.

"மரம் மாதிரி ஏன் நிற்கிறீர்கள் என்று கேட்டாள். மனிதன் தண்ணீர் கேட்டது உங்கள் வாசலில் என்றாள்."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான்" என்றேன்.